ஒமாகாவில் நின்ற 352-வது டிவிஷன்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1944 ஜூன் 6 அன்று பிரான்சின் நார்மாண்டிக் கரையில் நேச நாட்டுப் படைகள் நடத்திய தரையிறக்கத்தைப் பற்றி யாரோடு பேசினாலும் பேச்சு சுற்றிச் சுற்றி அமெரிக்கர்கள் இறங்கிய ஒமாகா கடற்கரையில்தான் வந்து நிற்கும். ஒமாகா வந்துவிட்டால் ஜெர்மனியின் 352-வது காலாட்படை டிவிஷனும் வந்துவிடும். கூடவே அதே சந்தேகங்கள். பாதி சினிமா பார்த்து வந்தவை, பாதி வீடியோ கேமில் இருந்து வந்தவை. திரும்பத் திரும்பக் காதில் விழுந்த கேள்விகளை, கேட்டவர்கள் கேட்ட மாதிரியே இங்கே தொகுத்திருக்கிறேன்.

டிவிஷன், ரெஜிமென்ட், பட்டாலியன்னு குழப்பமா இருக்கு. 352-ல மொத்தம் எத்தனை பேர்?

சுமார் 12,000 பேர். மூன்று காலாட்படை ரெஜிமென்ட்கள்: 914, 915, 916. ஒவ்வொன்றிலும் இரண்டு பட்டாலியன்கள். இவற்றோடு பீரங்கிப் படைக்கு ஒரு ரெஜிமென்ட், டாங்கி எதிர்ப்புப் பிரிவு, பொறியாளர் பட்டாலியன், சைக்கிளில் போகும் ஃபியூசிலியர் (காலாட்படையில் ஒரு வகை) பட்டாலியன் எல்லாம் உண்டு. போர் நடுவில் ஜெர்மனி ஆள் பற்றாக்குறைக்கு ஏற்பச் சுருக்கி வடிவமைத்த டிவிஷன் இது. பழைய டிவிஷன்களில் ரெஜிமென்டுக்கு மூன்று பட்டாலியன்கள் இருந்தன.

12,000 என்றால் எல்லோரும் துப்பாக்கியோடு முன்வரிசையில் நிற்பவர்கள் இல்லை. சமையல், குதிரை வண்டி, மருத்துவம், தகவல் தொடர்பு எல்லாம் அதற்குள் அடக்கம். சுட்டுச் சண்டை போடுகிறவர்கள் பாதிக்குச் சற்று மேல். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கீழே ஒரு கேள்விக்கு வேண்டும்.

எப்போ உருவாச்சு, எப்போ முடிஞ்சுது?

1943 நவம்பரில் நார்மாண்டியின் சென்-லோ நகரத்தை ஒட்டி உருவானது. முதல் சண்டை 1944 ஜூன் 6. அந்த ஆகஸ்டிலேயே டிவிஷன் என்று சொல்லிக்கொள்ள எதுவும் மிச்சமில்லை. ஆயுள் சுமார் ஒன்பது மாதம், அதில் சண்டை போட்டது இரண்டு மாதத்துக்குக் கொஞ்சம் கூட. இத்தனை குறைந்த காலம் இருந்த ஒரு படைக்கு இவ்வளவு பெயர் கிடைத்தது ஒரே ஒரு நாளால்தான்.

இவங்க எஸ்.எஸ். படையா?

இல்லை. எஸ்.எஸ். என்பது நாஜிக் கட்சியின் தனிப்படை. இது சாதாரண ஜெர்மன் தரைப்படை. சினிமாவில் ஜெர்மன்காரன் என்றாலே எஸ்.எஸ். சின்னம் மாட்டிவிடுவதால் வரும் குழப்பம். ஒமாகாவைக் காத்த படைகளில் எஸ்.எஸ். பிரிவு எதுவும் கிடையாது.

அதற்காக இவர்களை அப்பாவிகள் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். ஹிட்லரின் ஆக்கிரமிப்பு ராணுவத்தின் ஒரு பகுதி இது. நான்கு வருடமாக அந்நியப் பிடியில் இருந்த நாட்டில், உள்ளூர் மக்களை வேலை வாங்கிக் கட்டிய தற்காப்பு அரண்களில் நின்றுதான் சண்டை போட்டார்கள்.

கிழக்கு முனையில ரஷ்யாவோட மோதிப் பழகின அனுபவசாலிப் படைன்னு படிச்சேனே?

பாதி உண்மை. கிழக்கு முனையில் அடிபட்டுக் கலைக்கப்பட்ட 321-வது டிவிஷனில் மிஞ்சியவர்களை வைத்துத்தான் 352-க்கு எலும்புக்கூடு அமைத்தார்கள். தளபதி டீட்ரிக் கிரைஸ் முதல் உலகப் போரையும் பார்த்தவர், கிழக்கே 168, 355 ஆகிய இரண்டு டிவிஷன்களை நடத்தியவர். அனுபவம் அங்கேதான் இருந்தது.

சதை முழுக்கப் புதுசு. படையில் சேர்ந்த இளைஞர்களில் பெரும்பகுதி பதினெட்டு வயதை ஒட்டியவர்கள். ஜெர்மனியில் உணவுத் தட்டுப்பாடு, ஆகவே உடல் தெம்பு குறைவு. இவர்களுக்குக் கூடுதல் பால் வாங்கிக் கொடுக்க டிவிஷன் அதிகாரிகள் உள்ளூர்ப் பண்ணைகளோடு பேரம் பேசியதை, நடவடிக்கைப் பிரிவுத் தலைமை அதிகாரியாக இருந்த ஃபிரிட்ஸ் சீகல்மான் போருக்குப் பிறகு அமெரிக்கர்களுக்கு எழுதிக் கொடுத்த அறிக்கையில் பார்க்கலாம். நார்மாண்டி வெண்ணெய்க்கும் பாலுக்கும் பேர்போன ஊர், அந்த ஒரு விஷயத்தில் அதிர்ஷ்டம். தோட்டா, எரிபொருள், பயிற்சிக்கான நேரம் மூன்றும் குறைவாகவே கிடைத்தன. கடற்கரைக்குப் போன பிறகு பாதி நாள் மரக்கம்பம் நடுவதிலும் கண்ணிவெடி புதைப்பதிலும் போனது. அதிகாரிகளில் சரிபாதிப் பேர் சண்டையைப் பார்த்ததே இல்லை.

அனுபவசாலிப் படை என்ற பெயர் ஒட்டிக்கொண்டதற்கு என் கணிப்பில் ஒரு காரணம், அது அமெரிக்கத் தரப்புக்கு வசதியாக இருந்தது. ஒமாகாவில் ஏன் இத்தனை பேர் செத்தார்கள் என்ற கேள்விக்கு, எதிரே எதிர்பாராமல் ஒரு தேர்ந்த படை நின்றது என்பது எளிதான பதில். குண்டுவீச்சு தப்பியது, டாங்கிகள் மூழ்கின என்று சொல்வதைவிட எளிது.

அப்போ ஒமாகாவில் 12,000 பேரும் நின்னாங்களா?

இதுதான் அதிகம் பேர் தவறாகப் புரிந்துகொள்ளும் இடம். 1944 மார்ச் நடுவில் டிவிஷன் கடற்கரைக்கு நகர்ந்தபோது அதற்குக் கொடுக்கப்பட்ட கரை ஐம்பது கிலோமீட்டருக்கு மேல். மேற்கே வீர் ஆற்று முகத்துவாரத்தில் தொடங்கி, கிழக்கே பிறகு பிரிட்டிஷ் படை இறங்கிய கோல்ட் கடற்கரையின் ஓரம் வரை. ஒமாகா அதற்குள் வரும் எட்டுக் கிலோமீட்டர்தான்.

மேற்கில் இசினி பக்கம் 914-வது ரெஜிமென்ட். நடுவில் 916-ன் இரண்டாம் பட்டாலியன். அதே 916-ன் முதல் பட்டாலியன் கிழக்குக் கோடியில், ஆனெல் கிராமத்துப் பக்கம். 915-வது ரெஜிமென்ட் பயூ நகரத்துக்குத் தென்கிழக்கே கோர் (பல டிவிஷன்கள் சேர்ந்த பெரிய படை) தளபதி எரிக் மார்க்ஸின் கையிருப்பாகப் பின்னால் இருந்தது. ஒமாகாவின் கான்கிரீட் நிலைகளில் பலவற்றில் இருந்தவர்கள் 352-ஐச் சேர்ந்தவர்களே இல்லை. ஏற்கெனவே அங்கே இருந்த 716-வது டிவிஷனின் 726-வது ரெஜிமென்ட்காரர்கள். 352 வந்தபோது அவர்களை அப்படியே தன் கட்டுப்பாட்டில் எடுத்துக்கொண்டது. ஆகமொத்தம் முதல் அலை இறங்கியபோது ஒமாகாவை நேரடியாகக் காத்தது இரண்டு பட்டாலியன் அளவுக்கான ஆட்களும், பின்னால் இருந்த பீரங்கிகளும்தான்.

அமெரிக்கர்களுக்கு இந்தப் படை அங்க இருக்கிறதே தெரியாதாமே?

352 என்று ஒரு டிவிஷன் இருப்பது தெரியும். அது சென்-லோ பக்கம், கரையிலிருந்து தள்ளி இருப்பதாக நினைத்தார்கள். ஒமாகாவில் 716-வது டிவிஷனின் பட்டாலியன் ஒன்றுதான் எதிர்ப்படும் என்பது கணக்கு. 352 முன்னால் நகர்ந்திருக்கலாம் என்ற சந்தேகம் பிரிட்டிஷ் உளவுப் பிரிவுக்கு ஜூன் தொடக்கத்தில் எழுந்தது. அதற்குள் வீரர்கள் கப்பல் ஏறிவிட்டார்கள். தகவல் தனக்குக் கிடைத்தபோது கீழே சொல்லி அனுப்ப முடியாத நிலை என்று அமெரிக்கத் தரைப்படைக்குத் தலைமை தாங்கிய ஜெனரல் ஓமர் பிராட்லி பிற்பாடு எழுதினார்.

முன்கூட்டியே தெரிந்திருந்தால் என்ன மாறியிருக்கும்? இறங்கும் இடத்தை மாற்றியிருக்க முடியாது. மேற்கே அமெரிக்கர்கள் இறங்கிய இன்னொரு கரையான யூட்டாவுக்கும் பிரிட்டிஷ் கடற்கரைகளுக்கும் நடுவே படை இறக்கத் தோதான மணல் அது ஒன்றுதான்.

அப்படின்னா இவ்வளவு பேர் சாக யார் காரணம்?

முதல் காரணம் நிலம். மணலுக்குப் பின்னால் முப்பது முதல் ஐம்பது மீட்டர் உயரத்துக்கு மேடு. மேலே ஏறி உள்நாட்டுக்குள் போக நான்கைந்து பள்ளத்தாக்கு வழிகள் மட்டும். அந்த வழிகளின் வாயிலில் இரு பக்கமும் இயந்திரத் துப்பாக்கி, சிறு பீரங்கி, கம்பிவேலி. நிலைகள் கடலைப் பார்க்காமல் கரையின் நீளத்தைப் பக்கவாட்டில் பார்க்கும்படி கட்டப்பட்டிருந்தன. கடலிலிருந்து பார்த்தால் சுடுகிறவன் தெரியமாட்டான். அவனுக்கோ வரிசையாக ஓடிவரும் எல்லோரும் தெரிவார்கள். பின்னால் இருந்த 352-ன் ஹோவிட்சர் பீரங்கிகளுக்கு மணலின் ஒவ்வொரு துண்டும் முன்பே அளந்து குறிக்கப்பட்டிருந்தது.

அடுத்தது, மேலிருந்து வந்திருக்க வேண்டிய உதவி வராதது. முந்நூறுக்கும் மேற்பட்ட பி-24 குண்டுவீச்சு விமானங்கள் மேகத்துக்கு மேலிருந்து, சொந்தப் படகுகள் மேல் விழுந்துவிடக் கூடாதே என்று சில நொடிகள் தாமதித்துப் போட்ட குண்டுகள் அரண்களைத் தாண்டி வயலில் விழுந்தன. மிதக்கும் டாங்கிகளை 741-வது டாங்கி பட்டாலியன் கொந்தளிப்பில் வெகு தொலைவிலேயே இறக்கிவிட்டது. கடலில் விட்ட 29-ல் 27 மூழ்கின. இந்த நிலைமையில் மேட்டில் யார் உட்கார்ந்திருந்தாலும் கொன்று குவித்திருப்பார்கள். பக்கத்து கோல்ட் கடற்கரையில் இதே 916-வது ரெஜிமென்ட் எதிர்த்து நின்றும் பிரிட்டிஷ்காரர்கள் அன்றைக்கே உள்ளே போய்விட்டார்கள் என்பதைச் சேர்த்து யோசியுங்கள்.

ஒரே ஒரு ஜெர்மன்காரன் 2,000 பேரைச் சுட்டானாமே, நிஜமா?

ஹைன்ரிஹ் செவர்லோவைச் சொல்கிறீர்கள். 352-ன் பீரங்கி ரெஜிமென்டில் இருந்த இருபது வயது வீரர். ஒமாகாவின் கிழக்குப் பகுதியில் உள்ள கொல்வில் கிராமத்துப் பக்கம் 62-ம் எண் அரணில், குண்டு விழும் இடத்தைப் பார்த்துச் சொல்லும் அதிகாரி ஃபிரெர்கிங்கின் உதவியாளர். இயந்திரத் துப்பாக்கியால் மணிக்கணக்கில் சுட்டதாகவும், ஆயிரத்துக்கு மேல், ஒருவேளை இரண்டாயிரம் பேர் விழுந்திருக்கலாம் என்றும் பிற்காலத்தில் சொன்னார்.

அவர் அங்கே இருந்ததும் சுட்டதும் மறுக்கப்படவில்லை. எண்ணிக்கைதான் இடிக்கிறது. எட்டுக் கிலோமீட்டர் கரையிலும் சேர்த்து, இறந்தவர், காயம்பட்டவர், காணாமல் போனவர் என்று அமெரிக்கத் தரப்பின் அன்றைய இழப்பு வழக்கமாக 2,000 முதல் 2,400 என்று சொல்லப்படும். பிறகு வந்த கணக்குகள் கூட்டியும் சொல்கின்றன. அதில் பெரும்பங்கை ஒரே துப்பாக்கிக்கு எழுதிவிட்டால் மற்ற அரண்களும் பீரங்கிகளும் என்ன செய்துகொண்டிருந்தன?

கையிருப்பில் இருந்த 915-வது ரெஜிமென்ட் எங்க போச்சு? அது வந்திருந்தா ஜெயிச்சிருப்பாங்களா?

இந்த டிவிஷனின் கதையில் பரிதாபமும் நகைப்பும் கலந்த பகுதி இது. அதிகாலை மூன்று மணி வாக்கில், மேற்கே பாராசூட் வீரர்கள் இறங்குவதாகத் தகவல். சிதறி விழுந்த நிஜ அமெரிக்க வீரர்களும் இருந்தார்கள், சென்-லோவுக்கு மேற்கே ஏமாற்றுவதற்காகப் போடப்பட்ட பொம்மைகளும் இருந்தன. லெப்டினன்ட் கர்னல் மேயரின் தலைமையில் 915-வது ரெஜிமென்டும் ஃபியூசிலியர் பட்டாலியனும் சைக்கிளிலும் பிடித்து வைத்த பிரெஞ்சு லாரிகளிலும் மேற்கு நோக்கிக் கிளம்பின. விடிந்ததும் கடலிலிருந்து நிஜத் தாக்குதல். நில், திரும்பு என்று உத்தரவு. ஒரு பட்டாலியன் ஒமாகாவின் கொல்வில் பக்கம் போக, மீதி கிழக்கே பிரிட்டிஷ் படையை நோக்கி. பகல் வெளிச்சத்தில் தலைக்கு மேல் எதிரி விமானங்கள்.

மேயரின் மீதிப்படை போய்ச் சேர்ந்தபோது மதியம் தாண்டிவிட்டது. பயூவுக்கு வடகிழக்கே முன்னேறிக்கொண்டிருந்த பிரிட்டிஷ் 50-வது டிவிஷனோடு மோதிச் சிதறியது, மேயர் செத்தார். மறுநாள் பயூ அநேகமாகச் சண்டையின்றி விழுந்தது. மூன்று பட்டாலியனும் காலை எட்டு மணிக்கு ஒமாகா மேட்டில் நின்றிருந்தால் அமெரிக்கர்கள் பாடு ரொம்பக் கஷ்டம் என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அப்போது கிழக்கே கோல்ட் பக்கம் கதவு முழுக்கத் திறந்திருக்கும்.

மதியமே ஜெயிச்சுட்டோம்னு அறிக்கை அனுப்பினாங்களாமே?

ஆமாம். பிற்பகல் 1.35-க்கு, எதிரியைக் கடலுக்குள் திருப்பித் தள்ளிவிட்டோம், கொல்வில் பக்கம் மட்டும் சண்டை நடக்கிறது என்று டிவிஷனிலிருந்து ஏழாவது ராணுவத் தலைமையகத்துக்குத் தகவல் போனது. பொய் சொல்ல வேண்டும் என்று சொன்னதல்ல. மேற்குக் கோடிப் பாறை முனையில் இருந்த அரணிலிருந்து பார்த்தால், எரியும் டாங்கிகளும் கரையில் முடங்கிக் கிடக்கும் வீரர்களும் ஒதுங்கி நிற்கும் படகுகளும்தான் தெரிந்தன.

தெரியாதது, பள்ளத்தாக்கு வழிகளை விட்டுவிட்டு, அவற்றுக்கு நடுவே மேட்டில் சின்னச் சின்னக் கூட்டமாக ஏறிக்கொண்டிருந்தவர்கள். பிரிகேடியர் ஜெனரல் நார்மன் கோட்டா, கர்னல் ஜார்ஜ் டெய்லர் போன்றவர்கள் மணலில் படுத்துக் கிடந்தவர்களை எழுப்பி நகர்த்தினார்கள். அமெரிக்க டிஸ்ட்ராயர் கப்பல்கள் தரைதட்டும் அபாயத்தைப் பொருட்படுத்தாமல் கரைக்கு மிக அருகே வந்து அரண்களை நேராகச் சுட்டன. மறுபுறம் 352-ன் பீரங்கிகளுக்குக் குண்டு தீரத் தொடங்கியிருந்தது. புதிதாகக் கொண்டுவரும் லாரிகளை விமானங்கள் விடவில்லை. அன்றைய நாள் முடிவில் டிவிஷனின் இழப்பு சுமார் 1,200: இறந்தவர் 200, காயம்பட்டவர் 500, காணாமல் போனவர் 500. முதல் கேள்வியில் சொன்ன சண்டைக்காரர்களின் எண்ணிக்கையோடு ஒப்பிட்டால் இது எவ்வளவு பெரிய ஓட்டை என்று புரியும்.

அமெரிக்கப் போர்த்திட்டமே இவங்க கையில சிக்கிச்சாமே, அதை வெச்சு ஒண்ணும் பண்ணலையா?

ஜூன் 7 அன்று வீர் முகத்துவாரத்துப் பக்கம் ஒதுங்கிய படகிலிருந்து, ஒமாகாவில் இறங்கிய ஐந்தாவது கோரின் நடவடிக்கைத் திட்டம் 352-ன் ஆட்கள் கைக்கு வந்தது. எந்த நாளில் எந்தப் படை எங்கே இருக்க வேண்டும் என்பது வரை இருந்ததைப் பார்த்து அசந்துபோனதாக சீகல்மான் எழுதியிருக்கிறார்.

ஆனால் எதிரி எங்கே வருவான் என்று தெரிந்து என்ன பயன், அங்கே அனுப்ப ஆளில்லையே. பா-த-கலே பக்கம்தான் முக்கியத் தாக்குதல் வரப்போகிறது என்று நேச நாடுகள் செய்த ஏமாற்று வேலையை ஹிட்லரின் தலைமையகம் நம்பிக்கொண்டு, அங்கிருந்த டிவிஷன்களைப் பல வாரம் அசைக்கவில்லை.

ஜூன் 6-க்கு அப்புறம் யாருமே இவங்களைப் பத்தி எழுதறதில்லையே. என்னதான் ஆச்சு?

எழுத நிறைய இருக்கிறது. ஒமாகாவுக்கு மேற்கே போயன்ட்-டு-ஒக் பாறையில் ஏறிய ரேஞ்சர்கள் என்ற அமெரிக்கச் சிறப்புப் படையினரை 914-வது ரெஜிமென்ட் ஜூன் 8 வரை முற்றுகையிட்டு வைத்திருந்தது. ஜூன் 9-ல் இசினி ஜெர்மானியர் கையைவிட்டுப் போனது. அன்றிரவு எல் ஆற்றை நோக்கிப் பின்வாங்கிய ஜெர்மன் வீரர்கள், அசந்து தூங்கிக்கொண்டிருந்த ஓர் அமெரிக்க பட்டாலியன் மேல் இருட்டில் இடறிவிழுந்தார்கள். அமெரிக்கர்கள் சுமார் 150 பேரை இழந்தார்கள்.

பிறகு சென்-லோவுக்கு வடக்கே ஒரு மாதம் வேலிச் சண்டை. மண்மேடும் மரவேருமாக ஆளுயரத்துக்கு எழும்பிய நார்மாண்டி வேலிகள் ஒவ்வொன்றும் ஒரு கோட்டை. பாதுகாக்கிறவனுக்கு இதைவிட நல்ல நிலம் கிடையாது. ஆள் போனால் ஈடுகட்ட ஆள் வரவில்லை என்பதுதான் பிரச்சினை. ஜூலை நடுவில் இழப்பு ஏழாயிரத்தைத் தாண்டிவிட்டது. 352 என்ற பெயர்ப்பலகையின் கீழ் 266, 353 என்று வேறு டிவிஷன்களிலிருந்து கடன் வாங்கிய துண்டுப் படைகள் நின்றன. ஜூலை 18-ல் சென்-லோ வீழ்ந்தது. முதலில் உள்ளே போன படைக்குத் தலைமை தாங்கியவர், ஒமாகா மேட்டில் ஏறிய அதே கோட்டா. ஆகஸ்ட் 2-ல் காயம்பட்ட கிரைஸ் ஆகஸ்ட் 6-ல் இறந்தார், தரையிறங்கி சரியாக இரண்டு மாதம்.

சென்-லோ ஊரை அழிச்சதும் இவங்கதானா?

ஊரை முதலில் இடித்தது நேச நாட்டு விமானங்கள். ஜெர்மன் படைகள் கடற்கரைக்கு வரும் சாலைச் சந்திப்பு என்பதால் ஜூன் 6 இரவிலேயே குண்டு போட்டார்கள். நூற்றுக்கணக்கான ஊர்மக்கள் செத்தார்கள். ஜூலைச் சண்டையில் இரு தரப்புப் பீரங்கிகளும் மிச்சத்தைத் தரைமட்டமாக்கின. அமெரிக்கர்கள் உள்ளே வந்த பிறகு ஜெர்மன் பீரங்கிகளும் சும்மா இல்லை.

அட்லாண்டிக் சுவரில் (ஜெர்மனி மேற்குக் கரையோரம் கட்டிய தற்காப்பு வரிசை) இந்தியர்களும் இருந்தாங்கன்னு கேள்விப்பட்டேன். இந்த டிவிஷன்லயா?

இல்லை. சுபாஷ் சந்திர போஸின் முயற்சியில் ஜெர்மனியில் உருவான இந்திய லீஜியன், 950-வது ரெஜிமென்ட் என்ற பெயரில், தெற்கே போர்தோ பக்கம் லகானோவில் இருந்தது. ஒமாகாவுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. 352-ல் இருந்த வெளிநாட்டவர், சோவியத் பகுதிகளிலிருந்து விருப்பப்பட்டோ, கைதி முகாமின் பசிக்குத் தப்பியோ சேர்ந்தவர்கள். பெரும்பாலும் வண்டி, சரக்கு வேலை.

ஆகஸ்டில் முடிஞ்சுதுன்னா டிசம்பர்ல ஆர்டென்ஸில் (பெல்ஜியம், லக்ஸம்பர்க் பக்கத்துக் காட்டுப்பகுதி) சண்டை போட்ட 352 யாரு?

நம்பர் அதே, படை வேறு. 1944 செப்டம்பரில் ஃபிளென்ஸ்புர்க் பக்கம் உருவாகிக்கொண்டிருந்த 581-வது ஃபோக்ஸ்கிரெனேடியர் (போர்க் கடைசியில் அவசரமாகத் திரட்டிய காலாட்படை வகை) டிவிஷனுக்கு 352 என்று பெயர் மாற்றினார்கள். தளபதி எரிக்-ஓட்டோ ஷ்மிட். ஆட்களில் பலர் கப்பல் இல்லாத கடற்படைக்காரர்கள், விமானம் இல்லாத விமானப்படைக்காரர்கள். டிசம்பர் 16-ல் ஊர் ஆற்றைக் கடந்து லக்ஸம்பர்க்கில் டீகிர்ஹ், எட்டல்புருக் வரை போனார்கள். பிறகு அமெரிக்க ஜெனரல் பேட்டனின் படைகள் வந்து தடுத்தன.

நார்மாண்டியில் மிஞ்சிய சிலர் இதில் சேர்க்கப்பட்டதால், இரண்டையும் ஒரே டிவிஷனாக எண்ணுகிறவர்களும் உண்டு. என்னைக் கேட்டால் இரண்டு என்பேன். தளபதி முதல் பயிற்சி வரை எல்லாம் வேறு.

நார்மாண்டி போனா இவங்க இருந்த இடத்தைப் பார்க்க முடியுமா?

முடியும். கொல்வில்லில் மேலே சொன்ன 62-ம் எண் அரணின் கான்கிரீட் அப்படியே இருக்கிறது. பக்கத்திலேயே அமெரிக்க முதல் டிவிஷனின் நினைவுத்தூண், கொஞ்சம் தள்ளி அமெரிக்கக் கல்லறைத் தோட்டம். சென்-லோரான் பக்கம் ரூக்கே பள்ளத்தாக்கில் 65-ம் எண் அரணில் 50 மில்லிமீட்டர் பீரங்கி இன்னும் நிற்கிறது. வியர்வில்லில் அமெரிக்க தேசியக் காவல்படையின் நினைவுச் சின்னத்தை ஒரு ஜெர்மன் அரணின் மேலேயே எழுப்பியிருக்கிறார்கள். ஜெர்மன் வீரர்களில் 21,000-க்கும் மேற்பட்டோர் ல காம்ப் கல்லறையில் இருக்கிறார்கள். பயூவில் தங்கினால் எல்லாமே அரை மணி நேரத் தூரத்துக்குள்தான். அரண்கள் எந்தத் திசையைப் பார்க்கின்றன என்பதைக் கவனிக்க வேண்டுமானால், தண்ணீர் வற்றியிருக்கும் நேரத்தில் மணலில் இறங்கி நின்று மேட்டைப் பாருங்கள்.